எரித்தவர்களும் அழியவிட்டவர்களும்

சில காலத்துக்கு முன்னர் ஓர் இலக்கியக் கூட்டம் முடிந்து தேநீர் குடித்துக்கொண்டு நின்றோம். பேச்சு இலங்கைத் தமிழ்த் திரைப்படங்களின் பக்கம் திரும்பியது. எம் மத்தியில் நன்கு அறியப்பட்ட விமர்சகர் ஒருவர், "அந்தப் படங்களெல்லாம் 83இல் எரிந்து போனது தமிழுக்குச் செய்த பேருபகாரம்" என்றார். எல்லோரும் சிரித்தோம். நானும் சிரித்தேன்.

வீடு திரும்பும் வழியில் அந்தச் சிரிப்பு என்னை உறுத்தத் தொடங்கியது. யாழ் நூலகம் எரிந்ததைப் பற்றிக் கவிதை எழுதாத கவிஞர் எம்மில் எத்தனை பேர்? அங்கே எரிந்த நூல்களில் மட்டமான நாவல்களும் இருந்திருக்கும், பிழை மலிந்த பஞ்சாங்கங்களும் இருந்திருக்கும். அவற்றுக்காகவும் சேர்த்துத்தான் அழுதோம். 'தரமற்றவை எரிந்தது நல்லது' என்று அன்று ஒருவர் சொல்லியிருந்தால் அவரோடு முகம் கொடுத்துப் பேசியிருப்போமா? புத்தகம் எரிந்தால் பண்பாட்டுப் படுகொலை, படச்சுருள் எரிந்தால் பகிடி. இந்த இரட்டை அளவுகோல் எங்கிருந்து எமக்கு வந்தது?

வரலாற்றைக் கொஞ்சம் புரட்டுவோம். இந்நாட்டின் முதலாவது கதைப்படமாகச் சொல்லப்படுவது 1925இல் எடுக்கப்பட்ட 'ராஜகீய விக்கிரமய' என்ற மௌனப்படம். அதைத் தயாரித்தவர் ரி.ஏ.ஜே. நூர்பாய். அதில் நடித்தவர் பின்னாளில் சமசமாஜக் கட்சித் தலைவராகவும் நிதியமைச்சராகவும் விளங்கிய கலாநிதி என்.எம். பெரேரா. இந்தியாவிலும் சிங்கப்பூரிலும் காட்டப்பட்ட அந்தப் படம் இங்கே திரையிடப்படுமுன்னரே எரிந்து போயிற்று. இலங்கையர் பார்க்காத ஒரு படத்தோடுதான் இலங்கைச் சினிமாவின் வரலாறு ஆரம்பிக்கிறது. அதைத் தயாரித்த நூர்பாயைப் பற்றி எம்மவர் யாரேனும் ஒரு கட்டுரை எழுதியிருக்கிறோமா? 'அசோகமாலா' (1947) காலத்திலிருந்தே சிங்களத் திரையில் பாடிய மொஹிதீன் பேக்கைக்கூட சிங்கள இரசிகர்கள்தாம் எமக்கு ஞாபகப்படுத்த வேண்டியிருக்கிறது.

முதலாவது சிங்களப் பேசும்படமான 'கடவுனு பொறொந்துவ' 1947 ஜனவரி 21ஆம் திகதி திரைக்கு வந்தது. தயாரித்தவர் எஸ்.எம். நாயகம் என்ற தமிழர். பிறகு 'சமுதாயம்' (1962), 'தோட்டக்காரி' (1963), 'குத்துவிளக்கு' (1972), 'பொன்மணி' (1977), 'வாடைக்காற்று' (1978) என்று இந்நாட்டில் தமிழிலேயே படங்கள் வந்தன. 'வாடைக்காற்று' செங்கை ஆழியானின் நாவல். 'பொன்மணி'க்குத் திரைக்கதை எழுதியவர் காவலூர் இராஜதுரை, இயக்கியவர் தர்மசேன பத்திராஜ. 'குத்துவிளக்கு'த் தயாரிப்பாளரான கட்டடக் கலைஞர் வீ.எஸ். துரைராஜாதான் எரிந்த யாழ் நூலகத்தைப் பின்னாளில் மீளக் கட்டியெழுப்பும் பணியிலும் இருந்தவர். நூலகத்தையும் சினிமாவையும் ஒரே மனிதரால் நேசிக்க முடிந்திருக்கிறது. எங்களால் ஏன் முடியவில்லை?

1983 ஜூலையில் ஹெந்தளையிலிருந்த விஜயா ஸ்ரூடியோவுக்குத் தீ வைக்கப்பட்டது. அதன் உரிமையாளர் தமிழர் என்பதே காரணம். உள்ளே இருந்தவற்றில் சிங்களப் படங்களின் மூல நெகற்றிவ்களும் அடங்கும். நெகற்றிவ் என்பது திரைப்படத்தின் கையெழுத்துப் பிரதி. தியேட்டருக்குப் போகும் கொப்பிகள் அதிலிருந்து எடுக்கப்படும் அச்சுப் பிரதிகள். ஓடி ஓடித் தேய்ந்து, கீறல் விழுந்து, ஒபரேட்டரின் கத்தரிக்கோலுக்கு இரையாகும் அந்தக் கொப்பிகளில் ஒன்று எங்காவது தப்பினால்தான் நெகற்றிவ் போன படத்துக்கு உயிருண்டு. தமிழனின் ஸ்ரூடியோவை எரிக்க வந்தவர்கள் தங்கள் சொந்த மொழியின் சினிமாவையும் சேர்த்தே எரித்துவிட்டுப் போனார்கள்.

எரித்தவர்களைப் பற்றி நாம் நிறைய எழுதிவிட்டோம். எழுதத்தான் வேண்டும். இக்கட்டுரை மற்றவர்களைப் பற்றியது. நெருப்பு வைக்காமலே அழியவிட்டவர்களைப் பற்றியது. அந்தப் பட்டியலில் என் பெயரும் இருக்கிறது.

என் வாப்பா ஆசிரியர், மரபுக் கவிஞர். 1993இல் எங்கள் ஊர்ப் பாடசாலையில் நடந்த இலக்கிய விழாவில் கவியரங்குக்குத் தலைமை தாங்கினார். சவூதியிலிருந்து கமெராவோடு வந்திருந்த அயல்வீட்டுப் பொடியன் விழா முழுவதையும் வீடியோ எடுத்து, நான்கு மணித்தியால கசெற் ஒன்றை வாப்பாவிடம் தந்தான். அது எங்கள் அலுமாரியில் கிடந்தது. 1996 மார்ச் 17. லாகூரில் உலகக் கிண்ண இறுதியாட்டம். அரவிந்த களத்தில் நிற்கிறார், இலங்கை வெல்லப்போகிறது என்று மனம் சொல்கிறது. இதைப் பதிவு செய்யாவிட்டால் பிறகு எங்கே பார்ப்பது? கையில் அகப்பட்ட கசெற்றைப் போட்டு பொத்தானை அழுத்தினேன்.

2001இல் வாப்பா மௌத்தானார். நாற்பதாம் நாள் கழித்து உம்மா, "அந்தக் கவியரங்குக் கசெற்றப் போடு மன, அவரிட குரலக் கேக்கணும்" என்றார். அப்போதுதான் நான் செய்தது எனக்குத் தெரிந்தது. அரவிந்தவின் 107 ஓட்டங்களை இன்று உலகத்தின் எந்த மூலையிலிருந்தும் எவரும் பார்க்கலாம். வாப்பாவின் குரல் இருந்தது அந்த ஒரேயொரு கசெற்றில்தான்.

கசெற்றின் விளிம்பில் ஒரு சிறிய பிளாஸ்டிக் நாக்கு இருக்கும். அதை உடைத்து விட்டால் அதன்மேல் எவராலும் இலகுவில் மறுபதிவு செய்ய முடியாது. ஒரு கணத்து வேலை. அதைச் சொல்லித் தர எங்கள் ஊரில் ஒருவரும் இருக்கவில்லை.

இது என் வீட்டில் மட்டும் நடந்த பிழையல்ல. இந்தியாவின் முதலாவது பேசும்படமான 'ஆலம் ஆரா' (1931) இன்று உலகில் எங்குமே இல்லை. அதைத் தேடி அலைந்த பி.கே. நாயர் பின்னாளில் ஒரு கதை சொன்னார். அப்படத்தைத் தயாரித்து இயக்கிய அர்தேஷிர் இரானியை நேரில் சந்தித்தபோது, சுருள்கள் சில வீட்டில் இருக்கின்றன, மகன் தருவார் என்று முதியவர் சொன்னாராம். மகனோ நாயரைத் தனியே அழைத்து, அவற்றை வெள்ளிக்காக எப்போதோ விற்றுவிட்டதாக ஒப்புக்கொண்டாராம். பழைய கறுப்பு வெள்ளைப் படச்சுருளில் வெள்ளி இருக்கும். கழுவி எடுத்தால் காசு. பெற்றவருக்கு இது தெரியாமலே இருந்திருக்கிறது. அந்த மகன் கெட்டவரென்று நான் நினைக்கவில்லை. என்னைப் போன்ற ஒருவர்தான். பீபீசீயே 1960களின் நிகழ்ச்சிகளை அழித்து நாடாக்களை மறுபடி பாவித்தது. அங்கே அது நிர்வாகச் சிக்கனம் எனப்பட்டது. 'டொக்டர் ஹூ' தொடரின் காணாமற்போன பகுதிகளை இன்னமும் உலகெங்கும் தேடிக்கொண்டிருக்கிறார்கள். ஒன்பது பகுதிகள் 2013இல் நைஜீரியாவில் கிடைத்தன.

நாயரைப் பற்றிச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும். புனேயில் இந்தியத் தேசியத் திரைப்படக் காப்பகம் 1964இல் தொடங்கப்பட்டது. மறு ஆண்டு அதில் சேர்ந்த நாயர் 1991இல் ஓய்வு பெறும்வரை ஏறத்தாழ 12,000 படங்களைச் சேர்த்தார். பால்கேயின் சுருள்களை அவரது குடும்பத்தாரைத் தேடிப் போய் வாங்கினார். நல்ல படம், கெட்ட படம் என்று அவர் பார்க்கவில்லை. எது நல்லது என்று தீர்ப்புச் சொல்வது காப்பாளனின் வேலையல்ல, அதைப் பிற்காலம் பார்த்துக்கொள்ளும் என்பது அவருடைய நிலைப்பாடு. 2016இல் மறைந்த அம்மனிதர் இல்லையென்றால் இந்திய மௌனப்பட காலத்தைப் பற்றி இன்று பேசுவதற்கு இன்னும் குறைவாகவே மிஞ்சியிருக்கும். அவர் இருந்தும் அக்காலத்தின் மிகப் பெரும்பாலான படங்கள் இல்லாமற் போய்விட்டன. தென்னிந்தியாவின் முதலாவது கதைப்படமான நடராஜ முதலியாரின் 'கீசக வதம்' அவற்றில் ஒன்று.

ஆகவே எங்கள் விமர்சக நண்பருக்கு என் முதலாவது பதில் இதுதான். ஒரு படத்தின் கதை மட்டமாக இருக்கலாம், நடிப்பு மதராஸ் சினிமாவின் நகலாக இருக்கலாம். ஆனால் கமெரா கதாநாயகனை மட்டும் படம் பிடிப்பதில்லை. அவனுக்குப் பின்னால் போகும் பஸ்ஸையும், கடைப் பெயர்ப்பலகையையும், பெண்கள் முந்தானை போட்டிருக்கும் விதத்தையும், அன்றைய பேச்சின் இழுவையையும் சேர்த்துத்தான் பிடிக்கிறது. கலைஞன் கவனிக்காதவற்றைக்கூட அது பத்திரப்படுத்தியிருக்கும். நாவலாசிரியன் ஒருவன் 1970களின் யாழ்ப்பாணத்தை எழுத உட்கார்ந்தால் 'பொன்மணி'யின் கலைத்தரத்தைப் பற்றியா கவலைப்படுவான்?

பத்திராஜவின் 'பம்பரு அவித்' (1978) சிங்கப்பூரிலுள்ள ஆசியத் திரைப்படக் காப்பகத்தால் மீட்டெடுக்கப்பட்டு 2020இல் கான் விழாவின் செவ்வியல் படங்களின் வரிசையில் இடம்பெற்றது. சுமித்ரா பீரிஸின் 'கெஹெனு லமாய்' (1978) மும்பையிலுள்ள பிலிம் ஹெரிற்றேஜ் பவுண்டேஷனின் முயற்சியில் மீட்கப்பட்டு 2025இல் அதே வரிசைக்குப் போனது. மகிழ்ச்சிக்குரிய செய்திகள். அவற்றுக்குக் குரல் கொடுக்க ஆட்கள் இருந்தார்கள். லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் 2018இல் மறையும்வரை திரைப்படக் காப்பகம் வேண்டுமென்று கேட்டுக்கொண்டேயிருந்தார். தமிழ்ப் படங்களுக்காகக் கேட்டவர் யார்? தம்பிஐயா தேவதாஸ் போன்ற ஓரிருவர் தனித்து நின்று அந்த வரலாற்றை எழுதினார்கள். மிச்சப்பேர் நாங்கள் தேநீர் குடித்துச் சிரித்தோம்.

திரைப்படங்களைவிட அவசரமானது வீடியோ. 1980களில் மத்திய கிழக்கிலிருந்து திரும்பியவர்கள் கிழக்கிலும் வடமேற்கிலும் ஊருக்கு ஊர் டெக் கொண்டுவந்தார்கள், பிறகு கமெரா கொண்டுவந்தார்கள். கலியாணம், பாடசாலை விளையாட்டுப் போட்டி, கவியரங்கு, புத்தக வெளியீடு எல்லாம் கசெற்றில் ஏறின. எமது சமூகம் தன்னைத் தானே படம் பிடித்துக்கொண்டது அப்போதுதான். வேறெவரும் எங்களை அப்படிப் பிடிக்கவில்லை.

1990 ஒக்ரோபர் 30ஆம் திகதி யாழ்ப்பாண முஸ்லிம்கள் இரண்டு மணித்தியாலத்தில் வெளியேற்றப்பட்டபோது அல்பங்களும் கசெற்றுகளும் வீடுகளிலேயே கிடந்தன. வடக்கிலிருந்து அவ்வாண்டு விரட்டப்பட்ட ஏறத்தாழ 75,000 பேரும் விட்டு வந்தவற்றில் அசையும் படங்களும் அடக்கம். சோனகத் தெருவின் ஒரு கலியாண ஊர்வலம் கொழும்பிலோ புத்தளத்திலோ உறவினர் வீட்டு அலுமாரியில் இன்னும் இருக்குமானால், அந்தத் தெரு உயிரோடு நடமாடிய காட்சி அதுதான். 2004 டிசம்பர் 26இல் கடல் வந்தபோது மருதமுனையிலும் சாய்ந்தமருதுவிலும் கிண்ணியாவிலும் எஞ்சியிருந்தவற்றில் எத்தனையோ போயின. கடலிலும் போரிலும் தப்பியவற்றை இப்போது பூஞ்சணம் தின்கிறது.

படச்சுருளாவது குளிரில் வைத்தால் நூறாண்டு தாக்குப்பிடிக்கும். காந்த நாடா அப்படியல்ல. காந்தத் துகள்களை நாடாவோடு ஒட்டிவைத்திருக்கும் பசை ஈரத்தை உறிஞ்சிப் பிசுபிசுக்கும். ஓடவிட்டால் துகள் உதிரும். எங்கள் கரையோர வெக்கையில் இது இன்னும் விரைவு. நாடா நல்ல நிலையில் இருந்தாலும் அதைப் போடுவதற்கு டெக் வேண்டும். கடைசியாக வீஎச்எஸ் டெக் செய்துகொண்டிருந்த யப்பானின் புனாய் நிறுவனம் 2016 ஜூலையில் அதை நிறுத்திவிட்டது. உதிரிப்பாகமும் இல்லை, திருத்தத் தெரிந்தவர்களும் வயதாளிகளாகிவிட்டார்கள். அவுஸ்திரேலியத் தேசியக் காப்பகம், நாடாக்களைக் கணினிக்கு மாற்ற 2025ஐ இறுதி எல்லையாகக் குறித்து எச்சரித்தது. யுனெஸ்கோவும் அதே ஆண்டைச் சொன்னது. அந்த ஆண்டு வந்தே விட்டது.

"எல்லாம்தான் யூரியூபில் இருக்கிறதே" என்பார்கள். யூரியூப் காப்பகமல்ல, கடைத்தெரு. அங்கே ஏறுவது நசுக்கிச் சுருக்கிய பிரதி. ஏற்றியவர் கணக்கை மூடினால் அதுவும் இல்லை. எந்த ஊர், எந்த ஆண்டு, யார் எடுத்தது, மேடையில் இருப்பவர் யார் என்ற விபரம் எதுவும் அநேகமாக இராது. விபரம் இல்லாத படம் முகவரி கிழிந்த கடிதம் போன்றது. காப்பாளனின் வேலையில் பாதி அந்த விபரத்தை எழுதி வைப்பதுதான். அதைச் சொல்லக்கூடிய முதியவர்கள் ஒவ்வொருவராகப் போய்க்கொண்டிருக்கிறார்கள்.

இன்னொரு ஆட்சேபம் எங்கள் வீடுகளுக்குள்ளிருந்து வருகிறது. கலியாணக் கசெற்றுகளில் எங்கள் பெண்கள் இருக்கிறார்கள், அந்நியர் பார்க்கக்கூடாது என்று பலர் அவற்றை எரித்திருக்கிறார்கள். இந்த மனத்தாங்கலை நான் ஏளனம் செய்யவில்லை. அது நியாயமானது. ஆனால் பேணுவது வேறு, காட்டுவது வேறு. இந்த வேறுபாட்டைத் திரைப்படக் காப்பாளர்கள் தமது துறையின் தொடக்கத்திலேயே கடுமையாக விவாதித்திருக்கிறார்கள். பாரிஸில் ஹென்றி லாங்லுவா எல்லாவற்றையும் சேர்த்தார், சேர்த்ததையெல்லாம் திரையில் போட்டுக் காட்டினார். லண்டனில் ஏர்னெஸ்ற் லின்ட்கிறென், இருக்கும் ஒரே பிரதியை எவர் கேட்டாலும் ஓடவிட மறுத்தார். பேணுவது முதலில், காட்டுவது பிறகு என்றார். எமது குடும்ப ஒளிநாடாக்களுக்கு லின்ட்கிறெனின் வழி பொருந்தும். ஐம்பது வருடத்துக்குத் திறக்கக்கூடாது என்று எழுதிக் கொடுக்கலாம், குடும்பத்தார் மட்டும் பார்க்கலாம் என்று நிபந்தனை போடலாம். எரித்தால் உங்கள் பேரப்பிள்ளையும் பார்க்க முடியாது.

படங்களை எரிக்க ஆயுதத்தோடு ஆட்கள் வந்த இடத்தில் என்ன நடந்தது தெரியுமா? 1996இல் தாலிபான்கள் காபூலைப் பிடித்தபோது 'அப்கான் பிலிம்' நிறுவனத்தின் ஊழியர்கள், நெகற்றிவ்கள் இருந்த அறையின் வாசலைப் போலிச் சுவரால் மறைத்தார்கள். எரிக்க வந்தவர்களுக்கு வேறெங்கும் கிடைக்கக்கூடிய படங்களின் கொப்பிகளைக் கொடுத்து அனுப்பினார்கள். கண்டுபிடிக்கப்பட்டிருந்தால் உயிர் போயிருக்கும். அவர்கள் முஸ்லிம்கள், தொழுகையாளிகள், சொற்பச் சம்பளம் வாங்கிய அரச ஊழியர்கள். எந்தச் சுருளிலிருப்பது உன்னதக் கலை, எதிலிருப்பது அமைச்சர் நாடா வெட்டும் செய்திப்படம் என்று அந்தச் சுவரை எழுப்பும்போது அவர்கள் பிரித்துப் பார்த்துக்கொண்டிருக்கவில்லை. எங்களிடம் எவரும் உயிரைக் கேட்கவில்லை. அலுமாரியைத் திறக்கத்தான் கேட்கிறார்கள்.

அரசாங்கம் செய்யட்டும் என்று சொல்லிவிட்டு இருக்கலாம். அரசாங்கத்திடம் கேட்கத்தான் வேண்டும். திரைப்படக் கூட்டுத்தாபனமும் தொலைக்காட்சி நிலையங்களும் தம்மிடமுள்ள தமிழ்ச் சுருள்கள், நாடாக்களின் பட்டியலை வெளியிட வேண்டுமென்று எமது அமைப்புகள் எழுத்தில் கேட்கட்டும். ஆனால் நூலகம் நிறுவனத்தார் 2005இல் எந்த அரசாங்கத்தையும் காத்திருக்காமல்தான் ஈழத்து நூல்களைக் கணினியேற்றத் தொடங்கினார்கள். இன்று எமது பழைய சஞ்சிகைகளை நாமே அங்கேதான் தேடிப் படிக்கிறோம். அச்சுக்கு அதைச் செய்ய முடிந்த சமூகத்துக்கு ஒளிநாடாவுக்குச் செய்ய முடியாதா?

எழுத்தாளர்களாகிய நாம் செய்யக்கூடியது சிறியது. ஊருக்கு ஒருவர் பொறுப்பெடுத்து, எவர் வீட்டில் என்ன நாடா இருக்கிறது என்று ஒரு கொப்பியில் எழுதத் தொடங்கலாம். மூடிய பழைய வீடியோ கடைக்காரரிடம், மூலையில் கட்டிப்போட்ட பெட்டிகளைக் கேட்கலாம். பூஞ்சணம் பிடித்த நாடாவை டெக்கில் போடக்கூடாது, நாடாக்களைப் படுக்கப் போடாமல் நிமிர்த்தி வைக்க வேண்டும், கணினிக்கு மாற்றிய பிறகும் மூலத்தை வீசக்கூடாது என்ற மூன்றையும் நாலு பேருக்குச் சொல்லலாம். வெளியீட்டு விழாக்களுக்கு இறைக்கும் பணத்தில் ஒரு சிறு பங்கு, நல்ல டெக் ஒன்றைத் திருத்தி வைக்கப் போதும்.

என் கசெற்றின் கதையை முடித்துவிடுகிறேன். 2014இல் அதைக் கொழும்பில் ஒரு கடைக்குக் கொண்டுபோய் இறுவட்டுக்கு மாற்றக் கொடுத்தேன். வாங்கப் போனபோது கடைப் பையன் நல்ல மனதோடு கேட்டான்:

"மெச் கிளியரா வந்திருக்கு நானா. கடைசில கொஞ்சம் குப்பை கிடக்கு, யாரோ கதிரை தூக்கிறாங்க. அத வெட்டி விடவா?"

போட்டுக் காட்டச் சொன்னேன். அர்ஜுன வெற்றி ஓட்டத்தை அடித்த பிறகு நான் பதிவை நிறுத்தியிருக்கிறேன். திரை கோடு கோடாக ஓடி, அடியில் எஞ்சியிருந்த 1993 மேலே வருகிறது. கவியரங்கு முடிந்துவிட்டது. எவரோ நன்றியுரை சொல்கிறார். ஆட்கள் கலைகிறார்கள். வெள்ளைச் சேட்டும் சாரனுமாக ஒருவர் முதுகைக் காட்டிக்கொண்டு இரண்டு கதிரைகளைத் தூக்கி வைக்கிறார். நாற்பது செக்கன் இருக்கும். முகம் தெரியவில்லை, குரல் இல்லை. உம்மா பார்த்த உடனே சொன்னார்: "அவர்தான்."

அந்தப் பையன் என்னிடம் கேட்காமலே வெட்டியிருக்கலாம். கேட்டானே, அதனால்தான் அந்த நாற்பது செக்கன் இன்று இருக்கிறது. உங்கள் வீட்டு அலுமாரியிலும் அப்படி ஏதாவது கிடக்கும். குப்பை என்று முடிவெடுக்குமுன் வீட்டிலிருக்கும் வயதானவர்களிடம் ஒரு தடவை போட்டுக் காட்டுங்கள்.